ஆம்ப்ளிஃபயர் விழுங்கிய சொல்

அப்பா,

இன்று காலை ஸ்டுடியோவில் மைக்கை வாய்ப்பக்கம் இழுத்தேன், கிராம்பு வாசம் அடித்தது. எனக்கு முன்னால் பக்திப் பாடல் நிகழ்ச்சி நடத்துகிறவருக்குப் பல்வலியாம். கன்னத்தில் கிராம்பை அடக்கிக்கொண்டே ஒரு மணிநேரம் பேசிவிட்டுப் போயிருக்கிறார். அவர் பேசியதெல்லாம் காற்றோடு போய்விட்டது, கிராம்பு மட்டும் மைக்கின் பஞ்சுறையில் தங்கிவிட்டது. வணக்கம் சொல்ல வேண்டிய நேரத்தில் நான் மைக்கை முகர்ந்துகொண்டிருந்தேன். கண்ணாடிக்கு அப்புறம் இருந்து சவுண்ட் பார்க்கிறவர் கையை ஆட்டிக்கொண்டே இருக்கிறார், நான் அவரையே பார்த்துக்கொண்டு இருக்கிறேன். திருவனந்தபுரத்திலிருந்து பாறசாலை வரை எத்தனை பேர் ரேடியோ கெட்டுப்போச்சு என்று தட்டிப் பார்த்தார்களோ. கடைசியில் அவரே ஒரு பாட்டைப் போட்டு என்னைக் காப்பாற்றினார்.

உங்கள் மைக்கிலும் இதே வாசம்தான். உதியன்குளங்கரை முக்கில் நம் மைக் செட் கடையைத் திறந்ததும் முதலில் வருவது அந்த வாசம், அதற்குப் பின்னால்தான் பேட்டரி ஆசிட் நாற்றம். தொண்டைக்கு நல்லது என்று காலையில் ஒரு கிராம்பை வாயில் போட்டால் மத்தியானம் சோற்றுக்குத்தான் துப்புவீர்கள். ஜீப்பின் மேலே கூம்பு மாதிரி விரிந்த இரண்டு கோளாம்பி ஸ்பீக்கர், முன்சீட்டில் மடியில் துண்டு விரித்து அதன்மேல் மைக். கோயில் உற்சவம், சர்ச் பெருநாள், கண் சிகிச்சை முகாம், சர்க்கஸ், தேர்தல், சாவு. எல்லாவற்றையும் ஊருக்குச் சொன்னது உங்கள் வாய்தான். ரோட்டோரத்தில் மலையாளம், உள்ளே இறங்கினால் தமிழ். ஒவ்வொரு சொல்லாக எறிந்துவிட்டுக் காத்திருப்பீர்கள். "சொல்லு போய் எதுத்த மதில்ல முட்டித் திரும்பி வரணும். பொறவு அடுத்தது" என்பீர்கள். அதனால் உங்கள் அறிவிப்பைக் கேட்கும் ஆளுக்கு ஒரு வரி முடிவதற்குள் பாதி வேலை முடிந்துவிடும் என்று அம்மா கேலி செய்வாள்.

இன்னொன்றும் சொல்வீர்கள். யாராவது ஓடிவந்து, நேரம் மாறிப்போச்சு, தேதி மாறிப்போச்சு, திருத்திச் சொல்லுங்கள் என்றால் முகம் சுருங்கும். "மைக்குல சொன்னா சொன்னதாக்கும். திரும்ப எடுக்க அது கையில குடுத்த காப்பியா?" என்பீர்கள். பிறகு வேறு வழியில்லாமல் திருத்திச் சொல்வீர்கள், அது வேறு விஷயம். அந்த வாக்கியமே கடைசியில் உங்கள் கழுத்தைப் பிடித்ததுதான் எனக்குத் தொழிலானது.

இந்தக் கதையை நான் மேடையில் எத்தனையோ தடவை சொல்லிவிட்டேன். உங்களிடம் மட்டும் முழுதாகச் சொன்னதில்லை, நடுவில் நீங்கள் சண்டைக்கு வந்துவிடுவீர்கள். இப்போது நீங்கள் குறுக்கே பேச முடியாது. ஆகவே சொல்கிறேன்.

நான் பத்தாம் வகுப்பு. பால் சொசைட்டிக் கட்டிடத்தின் ஓடு காற்றில் பறந்துபோய், உள்ளே கூட்டம் போட வழியில்லை. உறுப்பினர்களை அவசரமாகக் கூட்ட வேண்டும். சரி, பிரசிடெண்ட் வீட்டு முற்றத்தில் கூடலாம் என்று முடிவாகி, செக்ரட்டரி உங்களிடம் வந்து மலையாளத்தில் எழுதிக் கொடுத்துவிட்டுப் போனார். 'அடியந்திர பொதுயோகம்'. அடியந்திரம் என்றால் அவசரம், யோகம் என்றால் கூட்டம்; அவசரப் பொதுக்கூட்டம், அவ்வளவுதான். ரோட்டோரத்தில் நீங்கள் அதை அப்படியே சொன்னீர்கள், ஒரு குறையும் இல்லை. ஜீப் உள்ளே இறங்கியதும் தமிழுக்கு மாறினீர்கள். "நாளைக்குக் காலத்த... பத்து மணிக்கு... பால் சொசைட்டி பிரசிடெண்டுக்க வீட்டுல... அடியந்திரம் உண்டு... எல்லாரும் வரணும்."

நம் வீடுகளில் அடியந்திரம் என்றால் செத்தவருக்குப் பதினாறாம் நாள் செய்கிற சடங்கும் சாப்பாடும். அவசரம் என்கிற பொருளெல்லாம் ஆபீஸ் மலையாளத்துக்கு. இது போதாதென்று பிரசிடெண்ட் இரண்டு வாரமாக ஊரில் இல்லை, பாலராமபுரத்தில் மகன் வீட்டில் இருந்துவிட்டு, அறிவிப்புப் போன பிறகு அன்று ராத்திரிதான் வந்தார். ஊர் கணக்குப் போட்டுப் பார்த்தது. கணக்கு மிகச் சரியாக வந்தது.

மறுநாள் காலை பிரசிடெண்ட் முற்றத்தில் நாற்காலி போட்டு முகத்தில் சோப்பு நுரையோடு சவரம் செய்துகொண்டிருக்கிறார். குளித்து, வெள்ளை முண்டு உடுத்து, ஆட்கள் வரிசையாக உள்ளே வருகிறார்கள். பாதிப் பேர் அழுதுகொண்டு. பாதிப் பேர் சண்டைக்கு. "சாவு சொல்லாம அடியந்திரத்துக்கு மட்டும் விளிக்கதா? நாங்க என்ன சோத்துக்கு அலைஞ்ச ஆளா?" என்று ஒருவர் வாசலிலேயே ஆரம்பித்துவிட்டார். கண் சரியாகத் தெரியாத ஒரு வயசாளி நேராகப் பிரசிடெண்டிடமே போய், அவர் தோளைத் தொட்டு, "எப்பம் போனாரு?" என்று கேட்டார். நுரையும் கத்தியுமாகப் பிரசிடெண்ட் சொன்ன பதில்: "ஆரு?"

இந்த இடத்தில் அரங்கம் விழுந்துவிடும் அப்பா. கொச்சியில் விழுந்தது, கோழிக்கோட்டில் விழுந்தது, தமிழே தெரியாத கூட்டமும் விழுந்தது.

உங்களுக்கு அன்றைக்கு ஒரு பட்டப்பெயர் வந்தது, சாகும் வரைக்கும் போகவில்லை. 'அடியந்திரம்'. கடைத்தெருவில், பஸ் நிறுத்தத்தில், சந்தையில். "எலே, அடியந்திரம் போறான் பாரு." ஊரெல்லாம் கேட்கிற குரலை வைத்துக்கொண்டு ஒரு சொல்லை விட்டுவிட்ட ஆள் என்று ஆகிப்போனது உங்களுக்குப் பொறுக்கவில்லை. நீங்கள் ஒரு அடி கூடப் பின்வாங்கவில்லை. "அடியந்திர யோகம் உண்டுண்ணாக்கும் நான் சொன்னேன். யோகத்த ஆம்ப்ளிஃபயர் முழுங்கிட்டு." பேட்டரி இறங்கினால் சொல்லின் நடுவில் சத்தம் அமுங்குமாம். அமுங்கியது எப்படி அந்த ஒரு சொல்லில் மட்டும் என்று கேட்டால், "அதுக்க யோகம்" என்று சொல்லிவிட்டு எழுந்து போவீர்கள். நானும் அம்மாவும் அன்றைக்குப் பாறசாலையில் தையல்கடையில் இருந்தோம். நான் கேட்கவில்லை. கேட்டவர்கள் எல்லாரும் ஒரே மாதிரிதான் சொன்னார்கள்.

நெய்யாற்றின்கரையில் கல்லூரிக்குப் போனேன், மிமிக்ரிக் குழுவில் சேர்ந்தேன். பெண் குரலில் நடிகர்களைப் போலப் பேசினால் எடுபடாது என்று ஓரத்தில் உட்கார வைத்தார்கள். நான் நடிகர்களை விட்டேன். பஸ்ஸில் பக்கத்து சீட்டில் உட்கார்ந்து நம் மடியில் பையை வைக்கிற அம்மாள், மீன்காரி, பாதிரியார், கண்டக்டர், இப்படி ஊரைப் பிடித்தேன். உற்சவ மேடைகளில் அது ஓடியது. அம்மா தலையில் கையை வைத்துக்கொண்டாள். "பெண்ணு மேடையில கேறி ஆளுகளச் சிரிப்பிச்சா எவன் மக்களே கெட்டுவான்?" நீங்கள் பேப்பரிலிருந்து தலையைத் தூக்காமல், "சிரிக்கத் தெரிஞ்சவன் கெட்டுவான்" என்றீர்கள். இன்னும் அப்படி ஒரு மாப்பிள்ளை வரவில்லை. அதற்கு உங்களைக் குறை சொல்ல மாட்டேன்.

அப்புறம் திருவனந்தபுரத்தில் அந்தச் சின்ன மேடைகள் வந்தன. காப்பிக் கடையின் மாடியில் ஒரு மைக், ஒரு நாற்காலி, நான். வேஷம் இல்லை, குழு இல்லை, நின்று பேச வேண்டியதுதான். முதல் நாலைந்து தடவை யாரும் சிரிக்கவில்லை. சிரிக்காத கூட்டத்தின் முன்னால் நிற்பது எப்படி என்று உங்களுக்குத் தெரியாது, உங்கள் கூட்டம் வீட்டுக்குள் அல்லவா இருந்தது. வாய் காய்ந்து, கையில் வேறொன்றும் இல்லாமல், ஒரு நாள் அடியந்திரக் கதையை எடுத்துவிட்டேன். அன்றைக்குத்தான் நான் இந்தத் தொழிலுக்கு வந்தேன் என்று வைத்துக்கொள்ளலாம்.

நீங்கள் முதலில் பார்க்க வந்தது டவுன் ஹாலில். இஸ்திரி போட்ட சட்டை, சட்டைப்பையில் கிராம்புப் பொட்டலம். முன்வரிசையில் அம்மாவோடு உட்கார்ந்தீர்கள். ஊரையே பிடித்தாகிவிட்டது, இப்போது உங்கள் எதிரில் உங்களையே பிடிக்க வேண்டும். மேடை வெளிச்சத்தில் உங்கள் முகம் தெரியவில்லை, மூக்குக்கண்ணாடி மட்டும் இரண்டு வெள்ளை வட்டமாகத் தெரிந்தது. சுற்றிலும் எல்லாரும் சிரித்தார்கள், அந்த வட்டங்கள் அசையவில்லை. நிகழ்ச்சி முடிந்து நான் ஓடி வந்தால் நீங்கள் என்னிடம் வரவில்லை, நேராக சவுண்ட் ஆளிடம் போய், கீச்சுச் சத்தம் கூடிப்போச்சு, பின்வரிசையில் கேட்டிருக்காது என்று பாடம் எடுத்துக்கொண்டிருந்தீர்கள். அப்புறம் என் பக்கம் திரும்பினீர்கள்.

"நல்லா இருந்து. எனக்க நடை, எனக்க கழுத்து வெட்டல், எல்லாம் செரியா பிடிச்சிருக்க."

"கோவம் இல்லியா அப்பா?"

"கோவம் என்னத்துக்கு? ஒரு கொறவு உண்டு."

"என்ன?"

"யோகத்த விட்டுட்ட."

அன்று தொடங்கியது. கழுத்தை வெட்டிக் காட்டினால் சரி, கஞ்சன் என்றால் சரி, அம்மாவுக்குப் பயந்தவர் என்றால் அதற்கும் சரி. அந்த ஒரு சொல்லை மட்டும் திருப்பிக் கொடு என்றீர்கள். நான் மாட்டேன் என்றேன். ஏன் என்று பல தடவை விளக்கியிருக்கிறேன், இன்னொரு தடவை கேளுங்கள். "அடியந்திரம் உண்டு" என்று சொல்லிவிட்டு நான் நிறுத்துவேன், நீங்கள் நிறுத்துகிற மாதிரியே. சொல் போய் மதிலில் முட்டித் திரும்பி வருகிற நேரம். அந்த நேரத்துக்குள் கேட்கிறவன் தானாகப் புரிந்துகொள்வான், சிரிப்பான். அங்கே போய் யோகம் என்று சொல்லி, ஆம்ப்ளிஃபயர் என்று சொல்லி, பேட்டரி என்று சொல்லிக்கொண்டிருந்தால் சிரிப்பு ஆறிப்போகும். "உங்களுக்குச் சொல்லு வேணும். எனக்குச் சிரிப்பு வேணும்" என்றேன். "உனக்குச் சிரிப்பு ஒரு ராத்திரி. எனக்கு இந்த ஊருல பகலும் நடக்கணும் ஆக்கும்" என்றீர்கள். ஆனாலும் நான் மாற்றவில்லை. அந்தக் காட்சி எல்லார் போனுக்கும் போனது. கொஞ்சம் ஓய்ந்திருந்த பட்டப்பெயரைப் பள்ளிக்கூடப் பிள்ளைகள்கூடத் திரும்பப் பிடித்துக்கொண்டன. நீங்கள் வெளிச்சத்துக்கு வந்த பெருமையும் வெட்கமுமாக, கடையில் போனை நீட்டி "பாருங்க, மகளாக்கும்" என்று காட்டுவீர்களாம். காட்டி முடித்ததும் "யோகம் சொன்னேன், அத அவ விட்டுட்டா" என்பீர்களாம்.

ரேடியோவுக்கு என்னை எடுத்தபோது, மலையாளத்தில் தமிழ் வாடை அடிக்கிறது என்று முதலில் தயங்கினார்கள், அப்புறம் அந்த வாடைக்காகவே எடுத்தார்கள். காலை நிகழ்ச்சி. நேயர்கள் கூப்பிடுவார்கள், வம்பளக்க வேண்டும், பாட்டுப் போட வேண்டும். இரண்டாவது வாரமோ என்னவோ, ஒரு குரல் வந்தது. "நமஸ்காரம். ஞான் உதியன்குளங்கரையில்நின்னு சுகுமாரன்."

உங்கள் பெயர் சுகுமாரன் இல்லை. பாறசாலை வட்டாரம் முழுக்கத் தூக்கத்தில் கேட்டாலும் தெரிகிற குரல். ஒவ்வொரு சொல்லையும் எறிந்துவிட்டுக் காத்திருக்கிறது.

"சொல்லுங்க சுகுமாரன் சேட்டா" என்றேன் மலையாளத்தில்.

மேடம் சொல்கிற அடியந்திரக் கதையில் ஒரு பிழை இருக்கிறது என்றார் சுகுமாரன் சேட்டன். அன்றைக்கு அவர் அந்த வழியில்தான் நின்றுகொண்டிருந்தாராம். அறிவிப்பாளர் யோகம் என்று தெளிவாகச் சொன்னாராம். தன் காதால் கேட்டாராம். கேட்டதை எல்லாம் நல்ல மலையாளத்தில் சொல்லி வந்தவர் கடைசியில் நம் தமிழுக்கு நழுவி, "நல்ல அந்தஸ்துள்ள மனுஷன் ஆக்கும் அவரு" என்று முடித்தார். ஸ்டுடியோவில் எல்லாரும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். நான் அவருக்கு நன்றி சொல்லி ஒரு பாட்டுப் போட்டேன்.

அன்று சாயங்காலம் நீங்கள் கால் கழுவிக்கொண்டே கேட்டீர்கள்.

"காலத்த ஆரோ விளிச்சிருந்தானே. நல்ல வெவரமுள்ள ஆளு."

"ஆமா. எங்கேயோ கேட்ட கொரலு மாதிரி இருந்து."

"ஊருல எத்தற சுகுமாரன்மாரு உண்டு" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டீர்கள். அம்மா அடுக்களையில் முந்தானையை வாயில் திணித்துக்கொண்டு நின்றாள்.

சுகுமாரன் சேட்டன் மாதம் ஒரு தடவை, சில மாதம் இரண்டு தடவை வந்தார். பாட்டுக் கேட்பார், மழையைப் பற்றிப் பேசுவார், பஸ் வராததைப் பற்றிக் குறை சொல்வார், எங்கே தொடங்கினாலும் யோகத்தில் வந்து நிற்பார். நேயர்களில் பலருக்கு அவர் யார் என்று தெரியும். சொல்லக்கூடாது என்பதும் தெரியும். எனக்கு அந்த அழைப்புகள் வருவதற்காகவே அந்த வேலை பிடித்திருந்தது என்று இப்போது சொல்கிறேன். அப்போது சொல்லியிருந்தால் நீங்கள், எந்த சுகுமாரன் என்று கேட்டிருப்பீர்கள்.

பிறகு உங்களுக்கு மூச்சு முட்ட ஆரம்பித்தது. முதலில் ஜீப்பில் ஏறும்போது, அப்புறம் சும்மா உட்கார்ந்திருக்கும்போதே. மதிலில் முட்டித் திரும்பி வந்த குரல் கட்டிலைத் தாண்டிப் போகாமல் ஆனது. நெய்யாற்றின்கரையில் ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். நான் விடியற்காலை வேலைக்குப் போய், மத்தியானம் உங்களிடம் வந்து உட்காருவேன். பேச வேண்டாம் என்று டாக்டர் சொன்னதற்கு நீங்கள் கையால் செய்து காட்டிய பதிலை எந்த மேடையிலும் நான் காட்ட முடியாது.

ஒரு நாள் காலை நிகழ்ச்சி பாதியில் இருந்தது. லைனை எடுத்தேன். "சுகுமாரன்" என்றது ஒரு நூல் குரல். கண்ணாடிக்கு அப்புறம் சவுண்ட் பார்க்கிறவர் எழுந்து நின்றுவிட்டார். நான் என் சிரித்த குரலை எடுத்துக்கொண்டேன். அதுதானே எனக்குத் தெரிந்த தொழில்.

"எங்க இருந்து விளிக்குதிய சேட்டா?"

"சந்தையில. பாறசாலை சந்தையில."

"என்ன மீனு வந்திருக்கு?"

கொஞ்சம் மூச்சு வாங்கியது. "நெத்தோலி."

பின்னால் ஒரு நர்சின் குரல் கணீரென்று கேட்டது, மாஸ்க்கை யார் கழற்றச் சொன்னது என்று. "அது ஆரு சேட்டா?" என்றேன். "மீன்காரி. நல்ல கோவத்துல நிக்கா" என்றீர்கள். ரேடியோ கேட்ட அத்தனை பேரும் சிரித்திருப்பார்கள். நானும் சிரித்தேன். கண்ணிலிருந்து ஒழுகிக்கொண்டிருந்தது, ரேடியோவில் அது தெரியாது.

"ஒண்ணு சொல்லணும்" என்றீர்கள். "அன்னைக்கு... அவன்... யோகம் சொன்னான்." ஒவ்வொரு சொல்லுக்கும் நடுவில் பழைய இடைவெளி இருந்தது. அது எதிரொலிக்காகக் காத்திருந்தது இல்லை என்று எனக்குத் தெரியும்.

நான் அப்போதாவது சரி என்று சொல்லியிருக்கலாம். அது தோன்றவில்லை. தோன்றினால் அழுதுவிடுவேன் என்று உடம்புக்குத் தெரிந்திருக்கும். "என்ன பாட்டு வேணும் சேட்டா?" என்று கேட்டேன்.

"எதாவது. சத்தம் கூட்டி வை." பிறகு, இத்தனை வருஷத்தில் ஒரு தடவைகூட வேஷம் கலையாத சுகுமாரன் சேட்டன் மேடத்தை விட்டு, வீட்டில் மகளை விளிக்கிற சொல்லால் சொன்னார், "அப்பம் வாறேன் மக்களே."

அந்த வாரம் தாண்டவில்லை.

உங்கள் அடியந்திரத்துக்கு யாரும் மைக்கில் சொல்லவில்லை. ஜீப் வீட்டு முன்னால் படுதா போட்டு மூடி நின்றது. சொல்லாமலே வந்தார்கள், பந்தி பந்தியாக. ஒவ்வொருவரும் வாயைத் திறந்து அந்தச் சொல்லை உச்சரிக்கும்போது ஒரு நொடி தடுமாறினார்கள். அடியந்திரம் எப்போது என்று கேட்க வந்து, சடங்கு எப்போது, சாப்பாடு எப்போது என்று மாற்றிக் கேட்டார்கள். அவ்வளவு துக்கத்திலும் சிரிப்பு முட்டியது. உங்களிடம் ஓடிப்போய்ச் சொல்ல வேண்டும் என்று ஒரு நிமிஷம் எழுந்துவிட்டேன்.

பழைய பால் சொசைட்டி பிரசிடெண்ட் வந்தார். இப்போது கைத்தடி ஊன்றித்தான் நடக்கிறார். இலை எடுத்த பிறகு என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, ஜீப்பைக் கைத்தடியால் சுட்டினார்.

"உனக்க அப்பன் எனக்க அடியந்திரத்துக்கு எல்லாரையும் விளிச்சான். இப்பம் நான் அவனுக்க அடியந்திரத்துல சோறு தின்னுட்டு இருக்கேன்" என்றார்.

பிறகு கேட்டேன். இத்தனை வருஷம் யாரிடமும் கேட்காததை.

"மாமா, அன்னைக்கு நீங்க கேட்டியளா? அப்பா யோகம் சொன்னாரா?"

"ராத்திரி பஸ்ஸு எறங்கி வீட்டுக்கு வாறதுக்கு முன்ன வண்டி போயாச்சு, நான் எங்க கேக்க? பொண்டாட்டி வாசல்லதான் நின்னிருக்கா. அவ கேட்டா." அவர் கைத்தடியால் தரையைக் கீறிக்கொண்டிருந்தார். "சொல்லல்ல மக்களே. சொல்லியிருந்தா அவ ராத்திரியே தனியா சிரிச்சிருக்க மாட்டா. என்னத்துக்குச் சிரிச்சாண்ணு எனக்குக் காலத்ததான் புரிஞ்சு."

நீங்கள் சொல்லவில்லை என்று எனக்கு எப்போதும் தெரியும் என்றுதான் நினைத்திருந்தேன். தெரியாமல் இருக்க வேண்டும் என்று ஆசைப்பட்டிருக்கிறேன் போல.

"கேளு" என்றார் அவர். "எனக்கும் கெழக்கு வீட்டுக்காரனுக்கும் வேலி வழக்கு. பேச்சு கெடையாது. அவன் அன்னைக்குத் தலையில அடிச்சு அழுதுட்டு முதல் ஆளா வந்தான். நான் சோப்பும் மூஞ்சியுமா நிக்கேன், என்னக் கெட்டிப் பிடிச்சிட்டான். எனக்க சொந்தத் தம்பி வரல்ல. செத்தா ஆரு வருவினும், ஆரு வர மாட்டினும்ணு உயிரோட இருந்து பாத்தவன் இந்த ஊருல நான் ஒருத்தனாக்கும். வேற ஆருக்கு உண்டு அந்த யோகம்?" அவர் துண்டால் முகத்தைத் துடைத்தார். "அத அவன்கிட்டச் சொல்லணும்ணு நினைப்பேன். எங்க சொல்ல? என்னக் கண்டாலே யோகம் சொன்னேன், யோகம் சொன்னேன்ணு சண்டைக்கு வருவான்."

உங்களிடம் வந்து சேராமலே போன செய்தி அது. இப்போது சொல்லியாகிவிட்டது.

ஒரு மாதம் கழித்துத் திருவனந்தபுரத்தில் மேடை. அந்தக் கதை வேண்டாம் என்று முடிவு செய்துதான் போனேன். செத்தவரை வைத்துச் சிரிக்க வைக்க எனக்கு மனசு வரவில்லை. 'அப்பா சொல்லுவார்' என்று இருந்த இடமெல்லாம் 'சொன்னார்' என்று மாற்ற வேண்டும், அதுவே வாயில் வரவில்லை. வேறு எதையோ பேசினேன், சுமாராக ஓடியது. முடிக்கப் போகும்போது பின்னாலிருந்து ஒருவர், அடியந்திரம் சொல்லாமல் போகக்கூடாது என்று கத்தினார். எல்லாரும் கை தட்டினார்கள். அவர்களுக்குத் தெரியாது.

சொன்னேன். ஓடு பறந்ததைச் சொன்னேன், மகன் வீட்டைச் சொன்னேன், கழுத்தை வெட்டி ஜீப்பில் உட்கார்ந்தேன். "பிரசிடெண்டுக்க வீட்டுல..." என்று எறிந்துவிட்டுக் காத்திருந்தேன். மதிலில் முட்டி வரட்டும் என்று. கூட்டம் சிரிக்கத் தயாராக இருந்தது, பாதிப் பேருக்குக் கதை மனப்பாடம். "அடியந்திர யோகம் உண்டு" என்றேன். சிரிப்பு வரவில்லை. யாருக்கும் புரியவில்லை. அவர் யோகம் என்று சொன்னார், பேட்டரி இறங்கியிருந்தது, ஆம்ப்ளிஃபயர் அதை விழுங்கிவிட்டது என்று விளக்கினேன். அங்கொன்றும் இங்கொன்றுமாகச் சிரித்தார்கள். இறங்கி வந்ததும் ஏற்பாடு செய்தவர், நல்ல இடத்தைக் கெடுத்துக்கொண்டீர்களே, இனிமேல் பழைய மாதிரியே சொல்லுங்கள் என்றார். சரி என்றேன். அடுத்த மேடையிலும் யோகத்தோடுதான் சொன்னேன், அதற்கு அடுத்ததிலும்.

இன்று காலை அந்தப் பாட்டு முடிவதற்குள் முகத்தைத் துடைத்துக்கொண்டேன். கிராம்பு வாசத்தோடு மைக்கைத் திறந்தேன். முதல் அழைப்பு அமரவிளையிலிருந்து ஒரு பெண். பாட்டெல்லாம் அப்புறம், நம்ம சுகுமாரன் சேட்டனை ஏன் இப்போது காணோம் என்று கேட்டாள். நீங்கள் போனது அவளுக்கு உண்மையிலேயே தெரியாது, குரலிலேயே தெரிந்தது.

"சந்தைக்குப் போயிருக்காரு" என்றேன்.

"அவரு சொல்லுத காரியம் சத்தியமா மேடம்? அந்த யோகம்?"

"சத்தியம்தான்" என்றேன். "நானும் அன்னைக்கு அந்த வழியிலதான் நின்னேன். எனக்க காதால கேட்டேன்."

நான் தையல்கடையில்தான் நின்றேன் அப்பா. ஆனால் மைக்குல சொன்னா சொன்னதாக்கும்.